அப்பிள் பை: ரொட்டி பிசைந்த கைக்கு ஒரு புதுப் பாடம்



"பை" என்றதும் கடைக்குக் கொண்டு போகும் பை என்று நினைத்துவிடாதீர்கள். இது சாப்பிடுகிற பை. மேலேயும் கீழேயும் கோதுமை மாவினால் ஆன மெல்லிய ஓடு. நடுவில் சீனியும் கறுவாவும் சேர்ந்து வெந்த அப்பிள் துண்டுகள். பங்களாக் குசினியில் வேலை செய்த பெரியவர்கள் யாராவது உங்கள் லயத்தில் இருந்தால் கேட்டுப் பாருங்கள். "ஓ, அதுவா! ஞாயித்துக்கிழமைன்னா துரைக்கு அதுதானே" என்பார்கள்.

என்னுடைய தாத்தா அப்படி ஒரு பங்களா அப்பு. 1960களிலும் 70களிலும் அந்தக் குசினிதான் அவருடைய உலகம். வெள்ளைக்காரத் துரை போய் நம்நாட்டுத் துரை வந்த பிறகும் அதே அடுப்புக்கு முன்னால்தான் நின்றார். எத்தனை நூறு பை சுட்டிருப்பாரோ தெரியாது. ஆனால் எங்கள் காம்பராவுக்கு ஒரு துண்டு கூட வந்ததில்லை. அவருடைய சட்டையில் கறுவா வாசம் மட்டும் வரும். என் அப்பாவும் அத்தைமாரும் அந்த வாசத்தை மோந்து பார்த்துவிட்டு, ரொட்டியும் சம்பலும் தின்றுவிட்டுப் படுத்தவர்கள்.

தாத்தாவுக்கு எழுதப் படிக்கத் தெரியாது. துரைசாணி ஒரு தரம் அரைகுறைத் தமிழில் சொல்லிக் கொடுத்ததை மனசிலும் கையிலும் வைத்திருந்தார். வயது போன காலத்தில் இஸ்தோப்பில் உட்கார்ந்து அவர் சொல்லச் சொல்ல, நான் பள்ளிக்கூடக் கொப்பி ஒன்றில் எழுதினேன். அந்தக் கொப்பியில் இருப்பதையும், பிறகு நான் படித்தும் செய்தும் தெரிந்துகொண்டதையும் சேர்த்து இங்கே தருகிறேன்.

அப்பிள் மலிவான பழம் இல்லை. சம்பளக் காசில் ஆறு அப்பிளும் மாஜரினும் வாங்கி, அதைக் கெடுத்துவிட்டால் மனசு வலிக்கும். ஆகவே எப்படிச் செய்வது என்பதோடு, ஏன் அப்படிச் செய்ய வேண்டும் என்பதையும் சொல்லிவிடுகிறேன். காரணம் தெரிந்தால் கை தவறாது.

எங்கிருந்து வந்தது?

அப்பிளின் சொந்த ஊர் மத்திய ஆசியா. இன்றைய கசகஸ்தான் நாட்டின் தியென்சான் மலைச் சாரலில் காட்டு அப்பிள் மரங்கள் இன்றும் நிற்கின்றன. 1929ஆம் ஆண்டு ரஷ்ய விஞ்ஞானி நிகொலாய் வாவிலோவ் அந்த மலைக்குப் போய்ப் பார்த்து, நாம் தின்னும் அப்பிளுக்கு இதுதான் தாய்வீடு என்று சொன்னார். பிற்காலத்து மரபணு ஆராய்ச்சியும் அதையே உறுதி செய்தது.

பை என்னும் பலகாரம் இங்கிலாந்தில் வளர்ந்தது. பதினான்காம் நூற்றாண்டின் பிற்பகுதியில் அங்கே எழுதப்பட்ட சமையல் குறிப்புகளிலேயே அப்பிள் பைக்கு ஒரு குறிப்பு இருக்கிறது. அதில் அப்பிளோடு பேரிக்காய், அத்திப்பழம், முந்திரிகை வற்றல், வாசனைச் சரக்கு, குங்குமப்பூ எல்லாம் சேரும். சீனி மட்டும் இல்லை. அந்தக் காலத்தில் ஐரோப்பாவில் சீனி பெரும் விலை. வெளி ஓடும் இப்போது போல மொறுமொறுவென்று இருக்காது. பழத்தை வேகவைக்கும் ஒரு பாத்திரம் போல, தடித்து விறைப்பாக இருக்கும்.

இங்கிலாந்திலிருந்து குடியேறியவர்கள் அப்பிள் விதையையும் பை செய்யும் பழக்கத்தையும் அமெரிக்காவுக்குக் கொண்டு போனார்கள். 1796இல் அமீலியா சிம்மன்ஸ் என்ற பெண் அங்கே வெளியிட்ட சமையல் நூலில் அப்பிள் பை இருக்கிறது. இன்று அமெரிக்கர்கள் அதைத் தங்கள் நாட்டுப் பலகாரம் என்றே சொல்லிக்கொள்கிறார்கள். பழமும் சரி, பையும் சரி, இரண்டும் அங்கே குடியேறி வந்தவைதான்!

நமது மலைநாட்டுக்கு அது வெள்ளைக்காரத் துரைமாரோடு வந்தது. 1867இல் ஜேம்ஸ் டெய்லர் லூல்கந்தரவில் தேயிலை பயிரிட்டதற்குப் பின் மலைகள் தோறும் பங்களாக்கள் எழுந்தன. துரைமார் தங்கள் ஊர்ச் சாப்பாட்டைக் கேட்டார்கள். நம்ம ஆட்கள் அதைச் செய்யப் படித்தார்கள். அப்படித்தான் ஒரு இங்கிலாந்துப் பலகாரத்தின் கைப்பக்குவம் லயத்து மனிதர்களிடம் வந்து சேர்ந்தது.

இதில் நம் நாட்டுப் பங்கும் ஒன்று உண்டு. பைக்கு உயிர் கொடுப்பது கறுவா. உண்மையான மெல்லிய பட்டைக் கறுவாவின் தாயகம் இலங்கை. காலி, மாத்தறைப் பக்கம் இன்றும் அது முக்கியமான பயிர். பல நாடுகளில் கறுவா என்று விற்பது தடித்த பட்டையுள்ள வேறு இனம். நம்ம கடையில் கிடைக்கும் மெல்லிய சுருள் பட்டை அதைவிட மென்மையான வாசம் உள்ளது.

எந்த அப்பிள் நல்லது?

"நம்ம மலையும் குளிர்தானே, இங்கே அப்பிள் காய்க்காதா?" என்று பிள்ளைகள் கேட்பதுண்டு. அப்பிள் மரம் குளிர்காலத்தில் இலை உதிர்த்துத் தூங்க வேண்டும். பல வாரம் விடாமல் கடும் குளிர் பட்டால்தான் அடுத்த வசந்தத்தில் ஒழுங்காக மொட்டு விடும். நுவரெலியாவில் சில இரவுகளில் பனி உறைந்தாலும் அப்படி ஒரு நீண்ட குளிர்காலம் நமக்கு இல்லை. ஆகவே கடையில் நாம் வாங்கும் அப்பிள் கப்பலில் வருவது.

பைக்கு வேண்டியது புளிப்பும் உறுதியும் உள்ள பழம். இங்கிலாந்தில் இதற்கென்றே பிராம்லி என்ற சமையல் அப்பிள் இருக்கிறது. 1809இல் சவுத்வெல் என்ற ஊரில் மேரி ஆன் பிரெய்ல்ஸ்ஃபோர்ட் என்ற சிறுமி நட்ட விதையிலிருந்து வந்த மரம் அது. நமக்குக் கிடைப்பதில் பொருத்தமானது பச்சை நிற கிரானி சிமித். இதுவும் ஒரு பெண்மணியின் தோட்டத்தில் பிறந்ததுதான். 1868இல் ஆஸ்திரேலியாவின் சிட்னிக்கு அருகே மரியா ஆன் சிமித் என்ற மூதாட்டி கண்டெடுத்த கன்று அது.

ஆழ்ந்த சிவப்பாக, பார்க்க அழகாக இருக்கும் பழம் எல்லாம் பைக்கு ஆகாது. மாவு போல உதிரும் பழத்தைச் சுட்டால் கூழாகிவிடும். பச்சை அப்பிள் நாலும், இனிப்பான உறுதியான பழம் இரண்டும் கலந்தால் நல்ல ருசி வரும்.

தேவையான பொருட்கள் (8 துண்டுகளுக்கு)

ஓட்டுக்கு:
கோதுமை மா 300 கிராம் (தேநீர்க் கோப்பையால் ஏறக்குறைய 2½)
மாஜரின் அல்லது பட்டர் 150 கிராம்
உப்பு ½ தேக்கரண்டி
நல்ல குளிர்ந்த தண்ணீர் 5 முதல் 7 மேசைக்கரண்டி

உள்ளே வைப்பதற்கு:
நடுத்தர அப்பிள் 6 (ஏறக்குறைய 900 கிராம்)
சீனி 100 கிராம்
சோள மா 1½ மேசைக்கரண்டி (இல்லாவிட்டால் கோதுமை மா 3 மேசைக்கரண்டி)
கறுவாத்தூள் 1 தேக்கரண்டி
பொடித்த கராம்பு 2, விரும்பினால்
தேசிக்காய்ச் சாறு 1 மேசைக்கரண்டி
உப்பு ஒரு சிட்டிகை
மேலே தடவக் கொஞ்சம் பால்

8 அங்குல அகலமும் ஒன்றரை அங்குல உயரமும் உள்ள தகரத் தட்டு ஒன்று போதும். மாவை உருட்ட உருளைக்கட்டை இல்லையென்றால் கழுவித் துடைத்த கண்ணாடிப் போத்தல் போதும்.

ரொட்டி மாவும் பை மாவும்

இதுதான் முக்கியமான இடம். நான் முதல் தரம் பை செய்தபோது இங்கேதான் கோட்டை விட்டேன்.

நாம் எல்லோரும் ரொட்டி சுட்டு வளர்ந்தவர்கள். மாவில் தண்ணீரை ஊற்றி, கை வலிக்க வலிக்கப் பிசைந்து, ஊற வைத்துத் தட்டினால் ரொட்டி நன்றாக வரும். அன்றைக்கு நானும் அதே பழக்கத்தில் நன்றாக அடித்துப் பிசைந்தேன். தாத்தா கட்டிலில் இருந்து பார்த்துக்கொண்டிருந்தார்.

"ஏம்மா, ரொட்டியா சுடப் போற? கையை எடு. இந்த மாவைத் தொடாத மாதிரித் தொடணும்" என்றார்.

நான் கேட்கவில்லை. சுட்டு எடுத்தபோது ஓடு சப்பாத்துத் தோல் போல இருந்தது. கத்தி இறங்கவில்லை. உள்ளே இருந்த அப்பிளைத் தோண்டித் தின்றுவிட்டு ஓட்டைக் கோழிக்குப் போட்டோம்.

காரணம் இதுதான். கோதுமை மாவில் ஒரு வகைப் புரதம் இருக்கிறது. தண்ணீர் பட்டு, நாம் பிசையப் பிசைய அது இழை இழையாகப் பின்னிக்கொண்டு இறப்பர் போல இழுபடும். அதற்குப் பெயர் குளூட்டன். ரொட்டிக்கும் பாணுக்கும் அந்த இழுவை வேண்டும். பைக்கு அது பகை.

பை மாவில் முதலில் கொழுப்பைச் சேர்க்கிறோம். மாஜரின் மாவைச் சுற்றிப் பூசிக்கொண்டால் தண்ணீர் எளிதில் உள்ளே போக முடியாது. இழையும் நீளமாகப் பின்னாது. ஓடு கடித்ததும் உதிரும். அதோடு, மாஜரினைக் கடலைப் பருப்பு அளவு சிறு துண்டுகளாகவே மாவில் விட்டுவைத்தால், சூட்டில் அது உருகிய இடத்தில் சின்னச் சின்ன வெற்றிடம் உண்டாகும். அதில் இருக்கும் நீர் ஆவியாகி மாவை மேலே தள்ளும். அதனால்தான் ஓடு ஏடு ஏடாகப் பிரிகிறது.

இதற்கு மாஜரின் அடுப்புக்குப் போகும் வரை கெட்டியாக இருக்க வேண்டும். கைச்சூட்டில் உருகிவிட்டால் ஏடும் இல்லை, மொறுமொறுப்பும் இல்லை. அதனால்தான் குளிர்ந்த தண்ணீர், குளிர்ந்த பாத்திரம், வேகமான கை என்று சொல்வது. கொழும்பில் உள்ளவர்களுக்கு இதற்குக் குளிர்சாதனப் பெட்டி வேண்டும். நமக்கு விடியற்காலைக் குளிரே போதும். இரவு வெளியே மூடி வைத்த தண்ணீரை எடுத்தால் பல் கூசும். மாஜரினையும் இரவே குளிரில் மூடி வையுங்கள்.

மா தயாரிக்கும் முறை

1. மாவையும் உப்பையும் அரிதட்டில் அரித்து அகலமான ஏனத்தில் போடுங்கள்.

2. மாஜரினைக் கத்தியால் சிறு துண்டுகளாக வெட்டி மாவில் போடுங்கள். விரல் நுனியால் மட்டும் நசுக்கி நசுக்கி உதிருங்கள். உள்ளங்கை படக்கூடாது. உள்ளங்கையில்தான் சூடு அதிகம். பாண் தூள் போல வந்து, இடையிடையே கடலை அளவு துண்டுகள் தெரிந்தால் நிறுத்திவிடுங்கள்.

3. தண்ணீரை ஒவ்வொரு கரண்டியாகத் தெளித்து முள்ளுக்கரண்டியால் கிளறுங்கள். ஒரு பிடி எடுத்து அமுக்கினால் ஒட்டி நிற்க வேண்டும். அவ்வளவுதான். "இன்னும் கொஞ்சம் தண்ணி ஊத்தலாமே" என்று மனசு சொல்லும். கேட்காதீர்கள்.

4. பிசையாமல் அள்ளிச் சேர்த்து, ஒன்று கொஞ்சம் பெரிதாக இரண்டு உருண்டைகளாக்கித் தட்டையாக அமுக்குங்கள். மூடி, குளிர்ந்த இடத்தில் அரை மணி நேரம் வையுங்கள். கொஞ்சநஞ்சம் பின்னிய இழையும் இந்த நேரத்தில் தளரும். உருட்டும்போது மா சுருங்கி இழுக்காது.

அப்பிளைத் தயார் செய்தல்

மா ஓய்வெடுக்கும் நேரத்தில் அப்பிளைத் தோல் சீவி, நடுவில் உள்ள விதையையும் நாரையும் நீக்கி, கால் அங்குலத் தடிப்பில் நறுக்குங்கள். எல்லாத் துண்டும் ஒரே அளவாக இருந்தால்தான் ஒன்றாக வேகும்.

நறுக்கிய அப்பிள் ஏன் பழுப்பாகிறது? வெட்டுப்பட்ட இடத்தில் காற்றிலுள்ள ஒட்சிசன் பட்டு, பழத்தில் இருக்கும் நொதியம் வேலை செய்வதால். கொழுந்தை ரோதையில் அரைத்த பின் அது சிவந்து போவதும் இதே மாதிரியான வேலைதான். பெக்டரியில் வேலை செய்பவர்களுக்கு இது நன்றாகவே தெரியும். தேயிலைக்கு அந்த மாற்றம் வேண்டும், அப்பிளுக்கு வேண்டாம். தேசிக்காய்ப் புளி அந்த நொதியத்தை அடக்கிவிடும். ஆகவே நறுக்க நறுக்கச் சாற்றைப் பிழிந்து பிரட்டிவிடுங்கள்.

பிறகு சீனி, கறுவா, கராம்பு, உப்பு சேர்த்துக் கிளறி அரை மணி நேரம் வையுங்கள். சீனி பழத்தின் நீரை வெளியே இழுக்கும். ஏனத்தின் அடியில் சாறு தேங்கும். அந்தச் சாற்றை மட்டும் வடித்துச் சின்னச் சட்டியில் ஊற்றி, பாதியாக வற்றும் வரை கொதிக்கவிட்டு ஆறவையுங்கள். ஆறிய பிறகு அதையும் சோள மாவையும் அப்பிளோடு சேர்த்துப் பிரட்டுங்கள்.

இந்த வேலையைத் தாத்தா ஒருபோதும் விடமாட்டார். இதில் இரண்டு நன்மை உண்டு. சாறு குறைவதால் அடி ஓடு ஊறிப் போகாது. பழம் முன்கூட்டியே சுருங்கிவிடுவதால், வெந்த பிறகு மேல் ஓட்டுக்கும் பழத்துக்கும் நடுவில் பெரிய பொந்து விழாது.

தட்டில் அடுக்குதல்

பலகையில் கொஞ்சம் மா தூவி, பெரிய உருண்டையை நடுவிலிருந்து வெளிப்பக்கமாக உருட்டுங்கள். ஒவ்வொரு தரமும் கொஞ்சம் திருப்பி உருட்டினால் வட்டமாக வரும். ரொட்டியை விட மெல்லிசாக, எட்டில் ஒரு அங்குலத் தடிப்பு போதும். போத்தலில் சுற்றித் தூக்கித் தட்டின் மேல் விரியுங்கள். இழுத்துப் பொருத்தாதீர்கள். இழுத்த மா சுடும்போது சுருங்கிவிடும்.

அப்பிளை நடுவில் குவிந்தாற்போல அடுக்குங்கள். இரண்டாவது உருண்டையை உருட்டி மேலே மூடுங்கள். ஓரத்தைத் தண்ணீர் தொட்டு ஒட்டி, விரலால் அல்லது முள்ளுக்கரண்டியால் அமுக்குங்கள். நடுவில் கத்தியால் நாலைந்து கீறல் போடுங்கள். உள்ளே எழும் ஆவி வெளியேற வழி வேண்டும். வழி இல்லையென்றால் அதுவே ஓரத்தை உடைத்துக்கொண்டு சாற்றை வெளியே தள்ளும். மேலே பால் தடவினால் நல்ல பொன்னிறம் வரும்.

சுடுவது எப்படி?

போறணை அல்லது மின்சார அவன் உள்ளவர்கள் முதலில் 200 பாகை செல்சியஸ் சூட்டில் 20 நிமிடமும், பிறகு 180 பாகையில் 35 முதல் 40 நிமிடமும் சுடலாம். தொடக்கத்தில் பலமான சூடு எதற்கு? மாஜரின் உருகி வழிவதற்கு முன்னே மா இறுகி நிற்க வேண்டும். பிறகு சூட்டைக் குறைப்பது, ஓடு கருகாமல் உள்ளே பழம் வேகட்டும் என்பதற்காக.

"நம்ம காம்பராவுல ஏது அவன்?" என்று நீங்கள் கேட்பது காதில் விழுகிறது. அடுப்பும் தணலும் இருந்தால் போதும். இப்படிச் செய்யுங்கள்:

பைத் தட்டு உள்ளே தாராளமாகப் போகும் அளவுக்குத் தடித்த பெரிய சட்டி ஒன்றை எடுங்கள். அடியில் ஒரு அங்குலம் நன்றாகக் காய்ந்த மணல் பரப்புங்கள். மணல் சூட்டைச் சமமாகப் பரப்பும். அதன் மேல் ஒரே உயரமுள்ள மூன்று செங்கல் துண்டுகளை வையுங்கள். ஆற்றுக் கல் வேண்டாம். ஈரம் உறிஞ்சிய கல் சூட்டில் வெடிக்கக்கூடும். தட்டையான தகர மூடியால் மூடி, கால் மணி நேரம் சூடேற்றுங்கள்.

சூடு போதுமா என்று பார்க்க, ஒரு தகரத் துண்டில் சிட்டிகை மா தூவி உள்ளே வையுங்கள். ஒன்றிரண்டு நிமிடத்தில் பழுப்பானால் சரி. வைத்தவுடன் கருகினால் தணலைக் குறையுங்கள்.

பையைச் செங்கல் மேல் வைத்து மூடி, மூடியின் மேலும் தணலைப் பரப்புங்கள். கீழே ஒரு பங்கு, மேலே இரண்டு பங்கு என்பது கணக்கு. மேலே தணல் இல்லையென்றால் அடி கருகிவிடும், மேல் பக்கம் வெளுத்துக் கிடக்கும். இதற்குக் கவ்வாத்து மிலாறு எரிந்து அடங்கிய தணல் நல்லது. சுவாலை வேண்டாம். கால் மணிக்கு ஒரு தரம் மூடியைக் கொஞ்சம் திருப்பிவிடுங்கள். ஒரு மணி நேரத்திலிருந்து ஒன்றே கால் மணி நேரம் வரை ஆகலாம்.

வெந்துவிட்டதற்கு அடையாளம் நிறம் மட்டும் இல்லை. நடுக் கீறலில் சாறு மெதுவாகக் குமிழிட்டுக் கொதிக்க வேண்டும். அந்தச் சூடு வந்தால்தான் சோள மா வெந்து சாற்றை இறுக்கும். கீறலில் கத்தி விட்டால் அப்பிள் தடையில்லாமல் குத்துப்பட வேண்டும்.

பிறகு பொறுமை! குறைந்தது இரண்டு மணி நேரம் ஆறவிடுங்கள். சூட்டோடு வெட்டினால் சாறு தண்ணீராக ஓடும். ஆற ஆறத்தான் இறுகும். பிள்ளைகள் சுற்றி நின்று அவசரப்படுத்துவார்கள். கொதிக்கும் பழச்சாறு வாயைப் புண்ணாக்கிவிடும் என்று சொல்லி வையுங்கள்.

எங்கே பிழை நடந்தது?

ஓடு கடினமாக இருந்தால்: மாவை அதிகம் பிசைந்திருக்கிறீர்கள், அல்லது தண்ணீர் கூடிவிட்டது.

ஓடு சுருங்கிப் போனால்: மாவை ஓய்வெடுக்க விடவில்லை, அல்லது இழுத்துப் பொருத்தியிருக்கிறீர்கள்.

அடி ஓடு ஈரமாக இருந்தால்: சாற்றை வடித்து வற்றவைக்கவில்லை, அல்லது கீழ்ச்சூடு போதவில்லை.

ஓட்டில் எண்ணெய் வழிந்தால்: மாஜரின் அடுப்புக்குப் போகும் முன்பே உருகிவிட்டது.

உள்ளே கூழாக இருந்தால்: பழம் சரியில்லை. அடுத்த தரம் பச்சை அப்பிள் வாங்குங்கள்.

அப்பிள் இல்லாவிட்டால்?

நுவரெலியா, வெலிமடைப் பக்கம் உள்ளவர்களுக்குப் பேரிக்காய் கிடைக்கும். நன்றாகக் கனியாத, கடிக்க மொறுமொறு என்று இருக்கும் காயைப் பாருங்கள். புளிப்புக் குறைவு என்பதால் தேசிக்காய்ச் சாற்றை இரண்டு மடங்காக்குங்கள்.

அதுவும் இல்லையா? வேலியில் படர்ந்து கிடக்கும் சௌசௌ இருக்கிறதே! சிரிக்காதீர்கள். ஆஸ்திரேலியாவில் 1930களின் பஞ்ச காலத்தில் அப்பிளோடு சௌசௌவைக் கலந்து பை சுட்ட வீடுகள் உண்டு. சௌசௌவுக்கென்று பெரிய ருசி கிடையாது. எதோடு சேர்கிறதோ அதன் ருசியை வாங்கிக்கொள்ளும். தோல் சீவி மெல்லிசாக நறுக்கி, கொஞ்சம் தண்ணீர், சீனி, நிறையத் தேசிக்காய்ச் சாறு விட்டு மெதுவாகும் வரை வேகவைத்து வடித்துவிடுங்கள். பிறகு கறுவா சேர்த்து மேலே சொன்னபடி செய்யுங்கள். மூன்று அப்பிளும் இரண்டு சௌசௌவும் கலந்தால் செலவு பாதி. சொல்லாவிட்டால் பலருக்கும் தெரியாது.

கவனிக்க வேண்டியவை

தணல் வைத்துச் சுடும்போது கதவையும் ஜன்னலையும் திறந்து வையுங்கள். எரியும் கரியிலிருந்து காபன் மொனொக்சைட் என்ற விஷவாயு வரும். அதற்கு நிறமும் இல்லை, மணமும் இல்லை. குளிர் என்று சொல்லித் தணல் சட்டியைப் படுக்கிற காம்பராவுக்குள் ஒருபோதும் கொண்டு போகாதீர்கள். உயிருக்கே ஆபத்து.

சின்னப் பிள்ளைகளை அடுப்பின் பக்கம் விடாதீர்கள். சுட்டுக்கொண்டால் உடனே பீலித் தண்ணீரில், சுத்தமான ஓடும் தண்ணீரில், 20 நிமிடம் பிடியுங்கள். பற்பசை, எண்ணெய், மை எதுவும் பூசாதீர்கள். சுத்தமான துணியால் மூடி வைத்தியசாலைக்குக் கொண்டு போங்கள்.

பை தினசரிச் சாப்பாடு இல்லை. நாம் சொன்ன அளவில் ஒரு துண்டில் ஏறக்குறைய மூன்று தேக்கரண்டி சீனியும், அதைவிடக் கூடுதலான கொழுப்பும் இருக்கும். 350 கலோரிக்கு மேல் வரும். மலைக்குப் போய் நாள் முழுக்க ஏறி இறங்குபவருக்கு எப்போதாவது ஒரு துண்டு பரவாயில்லை. சீனி வியாதி உள்ளவர்கள் மிகச் சிறு துண்டோடு நிறுத்திக்கொள்வதே நல்லது. அப்பிளைப் பச்சையாகத் தின்பதுதான் உடம்புக்கு மேல் என்பதையும் மறக்க வேண்டாம்.

கடைசியாக ஒரு வார்த்தை

முதல் தரம் கெட்டுப் போன பிறகு, ஒரு மாதம் கழித்து இரண்டாம் தரம் செய்தேன். இந்த முறை தாத்தா சொன்னபடி தொடாத மாதிரித் தொட்டேன். கத்தி வைத்ததும் ஓடு "சர்" என்று உடைந்தது. முதல் துண்டைத் தட்டில் வைத்து அவரிடம் கொடுத்தேன். கையில் வாங்கிக்கொண்டு கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டே இருந்தார்.

"முழுத் துண்டு ஒண்ண ஒக்காந்து தின்னதே இல்லம்மா. ஓரத்த ஒடிச்சு ருசி பாக்கிறதோட சரி" என்றார்.

மெதுவாக, ஒரு துணுக்கும் விடாமல் தின்று முடித்தார். பிறகு, "உப்பு கொஞ்சம் கூட. ஆனா மா சரியா வந்திருக்கு" என்றார். நான் கொப்பியில் உப்பின் அளவைத் திருத்தி எழுதினேன். மேலே கொடுத்திருப்பது அந்தத் திருத்திய அளவுதான்.

உங்கள் வீட்டிலும், பக்கத்து லயத்திலும் பங்களாவில் அப்புவாக, ஆயாவாக, தோட்டக்காரராக இருந்த பெரியவர்கள் இருப்பார்கள். பை, புடிங், ஜாம், பூச்செடி வளர்ப்பு என்று அவர்கள் கையில் ஒரு வித்தை இருக்கும். பிறருக்காகவே செய்து பழகியதால் அதைப் பெரிய விஷயமாக நினைக்கவும் மாட்டார்கள். நாமாகத்தான் கேட்க வேண்டும். அடுத்த ஞாயிற்றுக்கிழமை ஒரு கொப்பியும் பேனையும் எடுத்துக்கொண்டு அவர்கள் பக்கத்தில் உட்காருங்கள். அவர்கள் சொல்வதை எழுதி வையுங்கள். பிறகு அதை உங்கள் வீட்டு அடுப்பில் செய்து, முதல் துண்டை அவர்களுக்கே கொடுங்கள்.